வன்னியை யார் படம் பிடித்தது? ஆவணக் காட்சிகளும் எங்கட தலைமுறையும்

2009 பற்றி வெளிவந்த முக்கியமான ஆவணப்படங்களில் நாங்கள் பார்க்கிற வன்னியை அந்தப் படங்களின் இயக்குநர்கள் படம் பிடிக்கவில்லை. வேறு யாரோ, வேறு ஏதோ தேவைக்காக எடுத்த காட்சிகள் கைமாறிக் கைமாறி லண்டனில் ஒரு எடிற்றிங் மேசைக்குப் போய்ச் சேர்ந்தன. அங்கே வெட்டி, ஒட்டி, குரல் சேர்த்துப் படமாக்கினார்கள். ஏற்கனவே எடுத்து வைக்கப்பட்டிருந்த இப்படியான காட்சிகளைத்தான் சினிமாவில் ஆவணக் காட்சி என்கிறோம்.

இதை எழுதுகிற எங்களுக்கு 2009 இல் ஐந்து, ஆறு வயது. மாத்தளன், பொக்கணை, முள்ளிவாய்க்கால் எல்லாம் கண்ணால் கண்ட இடங்கள்தான். ஆனால் இன்றைக்கு எங்களுக்கு ஞாபகம் வருகிறதில் எது கண்டது, எது பிறகு போனில் பார்த்தது என்று பிரிக்க ஏலாமல் இருக்கு. ஒரு தறப்பாள், ஓடுகிற சனம், புகை. இது எங்கட நினைவா, சனல் 4 இன் காட்சியா? ஒரு தலைமுறையின் நினைவுக்குள்ளேயே ஆவணக் காட்சி புகுந்துவிட்டதென்றால், அது எங்கே இருந்து வந்தது, யார் எடுத்தது, ஏன் எடுத்தது என்று கேட்கிற உரிமை அந்தத் தலைமுறைக்கு இருக்கு. இந்தக் கட்டுரை அந்தக் கேள்விகளைப் பற்றியது.

பழைய றீலில் இருந்து புதுப் படம்

முதலில் கொஞ்சம் உலக வரலாறு. பழைய காட்சிகளை மட்டும் வைத்து ஒரு முழுப்படம் செய்யலாம் என்று காட்டியவர்களில் முக்கியமானவர் சோவியத் ரஷ்யாவின் எஸ்ஃபிர் ஷூப். 1927 இல் அவர் செய்த ‘ரொமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ படத்துக்காக அவர் புதிதாக நாடகம் எதையும் நடிப்பித்து எடுக்கவில்லை. சார் மன்னனின் குடும்பம் தங்கட ஆசைக்கு எடுத்து வைத்திருந்த றீல்களையும் அந்தக் காலச் செய்திப் படங்களையும் தேடி எடுத்து அடுக்கினார். கப்பலின் மேல்தளத்தில் பிரபுக்களும் சீமாட்டிகளும் ஆடிக் களைத்து வியர்வையைத் துடைக்கிறார்கள். அடுத்த காட்சியில் உழைக்கிற சனம் வியர்வையில் நனைகிறது. இரண்டு வியர்வையும் பக்கத்தில் பக்கத்தில் வந்தபோது, மன்னனின் பெருமைக்காக எடுத்த படம் மன்னனுக்கு எதிரான சாட்சியாகிவிட்டது.

எடுத்தவரின் நோக்கமும் பயன்படுத்துகிறவரின் நோக்கமும் ஒன்றாக இருக்கத் தேவையில்லை என்பதுதான் ஷூப்பிடம் இருந்து நாங்கள் படிக்கிற பாடம். ஆனால் இதில் ஒரு ஆபத்தும் இருக்கு. எடுத்தவரின் பார்வை காட்சிக்குள்ளே ஒட்டிக்கொண்டு வரும். எங்கே கமரா நின்றது, யாரைக் காட்டியது, யாரை வெளியே விட்டது என்பதை எடிற்றிங்கில் முழுக்கக் கழுவ முடியாது.

இதை மிகத் தெளிவாகக் காட்டிய படம் யாயெல் ஹெர்சோன்ஸ்கி 2010 இல் வெளியிட்ட ‘ஒரு முடிவுறாத படம்’. 1942 மே மாதம் வார்சோவில் யூதர்களை அடைத்து வைத்திருந்த பகுதியில் நாஜிகள் ஒரு பிரசாரப் படம் எடுத்தார்கள். அது முடிக்கப்படவில்லை. போருக்குப் பிறகு அந்த றீல்கள் கண்டெடுக்கப்பட்டு, பல வருசமாக ‘வார்சோவின் உண்மைக் காட்சிகள்’ என்று எத்தனையோ ஆவணப்படங்களில் பயன்பட்டன. 1998 இல் இன்னொரு றீல் கிடைத்தது. அதில் ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்திருந்தது. பசித்த பிள்ளையைக் கடந்து நன்றாக உடுத்தியவர்கள் போவதுபோல வந்த காட்சி, சனத்தை மறுபடி மறுபடி நடக்கப் பண்ணி எடுத்தது. ஹெர்சோன்ஸ்கி அந்தப் பகுதியில் உயிர் தப்பியவர்களை ஒரு திரையரங்கில் இருத்தி, அந்தக் காட்சிகளைப் போட்டுக் காட்டி, அவர்களது முகத்தையும் படம் பிடித்தார். பொய்யாக ஒழுங்குபடுத்தின காட்சிதான். ஆனால் அதற்குள்ளே இருந்த பசி உண்மை. இரண்டையும் சேர்த்து ஒரே படத்தில் சொல்ல முடிந்தது.

வன்னிக்கு இந்த உதாரணம் ஏன் தேவை என்றால், எங்கட காட்சிகளிலும் பெரும்பகுதியை எங்களுக்காக யாரும் எடுக்கவில்லை.

நாலு கமரா

இறுதிப் போரின் வன்னியைப் படம் பிடித்த கமராக்களை நாங்கள் நாலாகப் பிரித்துப் பார்க்கிறோம்.

முதலாவது இயக்கத்தின் கமரா. விடுதலைப் புலிகளின் நிதர்சனம் பிரிவு பல வருசமாகப் போர்க்களங்களையும் வீரச்சாவு நிகழ்வுகளையும் மாவீரர் நாளையும் படம் பிடித்தது. ‘ஒளிவீச்சு’ காணொளிச் சஞ்சிகை ஊர்களுக்குள் வந்தது. 2005 இல் தமிழீழத் தேசியத் தொலைக்காட்சி தொடங்கியது. மின்சாரமும் இல்லாமல், பொருளாதாரத் தடையில் பற்றரி கூட உள்ளே வராமல் இருந்த காலத்தைக் கடந்து வந்த ஒரு இடத்தில் இவ்வளவு காட்சிகள் எடுக்கப்பட்டது சாதாரண விசயம் இல்லை. களத்தில் கமராவோடு நின்ற பலர் களத்திலேயே செத்தார்கள். அதே நேரம் இந்தக் கமரா எதைக் காட்டவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். கட்டாய ஆட்சேர்ப்பில் பிள்ளையைப் பறிகொடுத்து மண்ணில் விழுந்து அழுத தாயை அது காட்டவில்லை. கடைசி மாதங்களில் தப்பிப் போக வெளிக்கிட்ட சனத்தின் மீது இயக்கம் சுட்டதை ஐ.நா. நிபுணர் குழுவின் 2011 அறிக்கை பதிவுசெய்கிறது. அதற்கும் இந்தக் கமராவில் இடம் இருக்கவில்லை.

இரண்டாவது, மேலே பறந்த கமரா. 2009 ஏப்ரல் 20 அன்று மாத்தளன் பக்கம் மண் அணை உடைக்கப்பட்டு, சனம் ஆயிரக்கணக்கில் இராணுவப் பக்கம் வந்த நேரம், ஆளில்லா விமானம் எடுத்த காட்சிகளை அரசாங்கம் உலகத்துக்குக் காட்டியது. ‘மனிதாபிமான நடவடிக்கை’ என்ற சொல்லுக்கு அது படம் ஆனது. அந்த உயரத்தில் இருந்து பார்த்தால் சனம் எறும்பு மாதிரி. யார் காயம், யாரின் கையில் செத்த பிள்ளை, யார் வழியில் விழுந்தது என்று எதுவும் தெரியாது. சத்தமும் இல்லை. இன்றைக்கும் மே மாதத்தில் வெற்றிக் கொண்டாட்டக் காணொளிகளில் நாங்கள் இந்தப் பார்வையைத்தான் பார்க்கிறோம். அங்கே எங்கட முகம் ஒரு புள்ளி.

மூன்றாவது, சிப்பாயின் சட்டைப்பையில் இருந்த கமரா. கைத்தொலைபேசியில் எடுத்த கொலைக் காட்சிகள். இவை யாரையும் குற்றம் சாட்ட எடுத்தவை இல்லை. வேட்டைக்காரன் மிருகத்தோடு நின்று படம் எடுக்கிற மாதிரி, வெற்றியின் ஞாபகத்துக்காக எடுத்தவை. சார் மன்னனின் றீல் மாதிரியே இவையும் எடுத்தவருக்கு எதிராகத் திரும்பின.

நாலாவது, உள்ளே மாட்டுப்பட்ட ஆக்களின் கமரா. தற்காலிக ஆஸ்பத்திரிகளில், பங்கர் வாசலில், செல் விழுந்த உடனே எடுத்தவை. எடுத்தவர்களில் சிலர் ஊடகக்காரர், சிலர் இயக்கத்தோடு வேலை செய்தவர்கள், சிலர் யாரென்றே தெரியாது. 2008 செப்ரெம்பரில் ஐ.நா. பணியாளர்கள் கிளிநொச்சியை விட்டு வெளிக்கிட ஆயத்தமான நேரம், ‘போகாதையுங்கோ’ என்று அலுவலக வாசலில் சனம் நின்று மன்றாடிய காட்சி இருக்கே, அதுவும் இந்த வகைதான். செப்ரெம்பர் 16 ஆம் திகதி அவர்கள் போய்விட்டார்கள். பிறகு வெளியார் கமராவுக்கு அங்கே இடமே இருக்கவில்லை.

அந்த வெற்றிடம்தான் வன்னிப் படங்களின் வடிவத்தையே தீர்மானித்தது. சர்வதேசப் பத்திரிகையாளர்கள் போர்ப் பகுதிக்குள் சுயாதீனமாகப் போக முடியாமல் தடுக்கப்பட்டிருந்தார்கள். ஆகவே பிறகு படம் செய்ய வந்தவர்களுக்கு ஆவணக் காட்சியைத் தவிர வேறு வழி இல்லாமல் போனது.

சாட்சிக் கூண்டில் ஒரு காணொளி

2009 ஓகஸ்ற் 25 அன்று பிரித்தானியாவின் சனல் 4 செய்தியில் ஒரு கைத்தொலைபேசிக் காணொளி ஒளிபரப்பானது. ஜனநாயகத்துக்கான இலங்கை ஊடகவியலாளர்கள் என்ற அமைப்பின் ஊடாக அது கிடைத்திருந்தது. கண்ணும் கையும் கட்டப்பட்ட, உடுப்பில்லாத ஆண்களைச் சிப்பாய்கள் சுட்டுக் கொல்கிறார்கள். அரசாங்கம் உடனே பொய்க் காணொளி என்றது.

அதற்குப் பிறகு நடந்ததுதான் ஆவணக் காட்சி பற்றிப் படிக்கிற எவருக்கும் பெரிய பாடம். ஐ.நா.வின் விசேட அறிக்கையாளர் பிலிப் அல்ஸ்ரன் தடயவியல் மருத்துவம், காணொளிப் பகுப்பாய்வு, துப்பாக்கித் தடயவியல் என்று மூன்று துறை நிபுணர்களிடம் அதைக் கொடுத்தார். 2010 ஜனவரி 7 அன்று முடிவை வெளியிட்டார். காணொளி உண்மையானதாகவே தெரிகிறது என்பது அவர்களது முடிவு. விளக்க முடியாத சில விசயங்களையும் அவர்கள் மறைக்கவில்லை. சுடப்பட்ட சிலரின் உடல் அசைவு, கடைசியில் இருந்த 17 பிரேம்கள், காணொளிக்குள் பதிவாகியிருந்த 2009 ஜூலை 17 என்ற திகதி. போர் மே மாதத்தில் முடிந்துவிட்டதே, பிறகென்ன ஜூலை? கமராவில் திகதி பிழையாக இருந்திருக்கலாம், கொப்பி எடுத்த திகதியாக இருந்திருக்கலாம். இப்படிச் சின்ன விசயங்களில்தான் ஒரு கொலையின் சாட்சி நிற்கிறதா விழுகிறதா என்று தீர்மானமாகிறது. 2010 இன் கடைசியில் அதே சம்பவத்தின் நீண்ட வடிவம் வெளிவந்தது. அடுத்த விசேட அறிக்கையாளர் கிறிஸ்ரொவ் ஹெய்ன்ஸ் 2011 இல் அதுவும் உண்மையானது என்று அறிவித்தார்.

2011 ஜூன் 14 அன்று கலம் மக்ரே இயக்கிய ‘இலங்கையின் கொலைக்களங்கள்’ சனல் 4 இல் ஒளிபரப்பானது. சில வாரத்தில் பாதுகாப்பு அமைச்சு ‘ஒப்புக்கொள்ளப்பட்ட பொய்கள்’ என்ற தலைப்பில் ஒரு எதிர்ப்படம் வெளியிட்டது. ஒரே போர், ஒரே கடற்கரை, இரண்டு படங்கள். 2013 இல் மக்ரேயின் முழுநீளப் படமான ‘போர் தவிர்ப்பு வலயம்’ ஜெனிவாவில் மனித உரிமைகள் பேரவை கூடியிருந்த நேரம் அங்கே காட்டப்பட்டது. மலேசியாவில் அதைத் திரையிட்டதற்காக ஒரு மனித உரிமைச் செயற்பாட்டாளர் மீது வழக்குப் போட்டு, 2017 இல் 10,000 ரிங்கிற் தண்டம் விதித்தார்கள். இந்தியத் தணிக்கைச் சபை 2014 இல் அனுமதி மறுத்தது. 2013 நவம்பரில் பொதுநலவாய மாநாட்டுக்கு வந்த சனல் 4 குழு கிளிநொச்சிக்குப் புறப்பட்டபோது, அநுராதபுரத்தில் ரயிலை மறித்துத் திருப்பி அனுப்பினார்கள். பழைய காட்சிகளைச் சேர்த்துச் செய்த ஒரு படத்துக்கு இவ்வளவு பயம்.

எடிற்றிங்கின் பலத்துக்கு உதாரணம் வேண்டுமென்றால் 2013 பெப்ரவரியில் வெளிவந்த பாலச்சந்திரனின் படங்களைச் சொல்லலாம். பன்னிரண்டு வயதுப் பெடியன் ஒரு மண்மூட்டைப் பங்கருக்குள் இருந்து ஏதோ சாப்பிடுகிறான். அடுத்த படத்தில் நெஞ்சில் சூட்டுக் காயங்களோடு கிடக்கிறான். சில மணித்தியால இடைவெளியில் ஒரே கமராவில் எடுத்தவை. தனித்தனியாகப் பார்த்தால் ஒன்று சிறைப்பட்ட பிள்ளை, மற்றது செத்த பிள்ளை. பக்கத்தில் வைத்தால் இடையில் நடந்தது என்ன என்ற கேள்வி தானாக எழும்புது. அடுத்த மாதம் தமிழ்நாட்டில் லயோலாக் கல்லூரி மாணவர்களின் உண்ணாவிரதத்தோடு கிளம்பிய மாணவர் போராட்டத்துக்குப் பின்னால் இந்தப் படங்களும் இருந்தன.

இந்தப் படங்கள் செய்த வேலையை நாங்கள் குறைத்துச் சொல்லவில்லை. அவை இல்லையென்றால் எங்கட சனத்துக்கு நடந்ததை ‘ஒரு பொதுமகனும் சாகவில்லை’ என்ற கதையோடு மூடியிருப்பார்கள். ஆனால் சாட்சிக்கென்று வெட்டிய காட்சிக்கு ஒரு விலை இருக்கு. அதைக் கொடுத்தது செத்த ஆக்கள்.

இசைப்பிரியாவை எடுத்துக்கொள்ளுவம். அவர் கமராவுக்கு முன்னால் வேலை செய்தவர். ஒளிவீச்சில் நிகழ்ச்சி வழங்கியவர். அவரது குரலும் முகமும் எத்தனையோ கசெற்றுகளில் பதிவாகியிருக்கு. பாதுகாப்பு அமைச்சு அவர் சண்டையில் கொல்லப்பட்டதாகச் சொல்லியிருந்தது. 2010 இல் வந்த நீண்ட காணொளியில் அவரது உடல் அடையாளம் காணப்பட்டது. 2013 நவம்பரில் வெளிவந்த காட்சியில் அவர் உயிரோடு பிடிபட்டது தெரிந்தது. சட்டத்துக்கு அந்தக் காட்சி தேவை. ஆனால் இன்றைக்கு இணையத்தில் அவரது பெயரைத் தேடுகிற ஒரு பிள்ளைக்கு முதலில் வருவது எது? அவர் தானே விரும்பிக் கமராவைப் பார்த்துக் கதைத்த வருசங்கள் பின்னுக்குப் போய், அவரைப் பிடித்தவன் எடுத்த சில நிமிசங்கள் முன்னுக்கு வந்து நிற்குது. கொலையாளியின் கமராவுக்கே கடைசிச் சொல்லைக் கொடுத்த மாதிரி.

மே மாதமும் பாட்டும்

இது வெளிநாட்டு இயக்குநர்களின் பிரச்சினை மட்டும் இல்லை. ஒவ்வொரு மே 18 க்கும் எங்கட வட்ஸ்அப் குறூப்புகளில், ரிக்ரொக்கில் வருகிற காணொளிகளைப் பாருங்கோ. எங்கேயோ எடுத்த காட்சி, அதற்கு மேலே ஒரு சோகப் பாட்டு, கடைசியில் மெழுகுதிரி. எந்த இடம், எந்தத் திகதி, யார் எடுத்தது, ஒன்றும் இல்லை. சிலவேளை காசாவில் எடுத்த காட்சி கூட முள்ளிவாய்க்கால் என்று வருது. அப்படி ஒரு பிழைக் காட்சி போதும், ‘எல்லாமே பொய்’ என்று சொல்லக் காத்திருக்கிறவனுக்கு.

பாட்டுப் போடுவதில் இன்னொரு இழப்பும் இருக்கு. அந்தக் கைத்தொலைபேசிக் காணொளிகளில் சத்தம்தான் பாதிச் சாட்சி. சிப்பாய்கள் சிங்களத்தில் கதைக்கிறது, சிரிக்கிறது. ஆஸ்பத்திரிக் காட்சிகளில் செல் வருகிற சத்தம், ஒரு தாய் பிள்ளையின் பெயரைச் சொல்லிக் கத்துறது. அந்தப் பெயர் யாரோ ஒருவர் தேடுகிற பெயராக இருக்கலாம். பாட்டைப் போட்டு மூடினால் அது போச்சு.

தேடுறது என்று சொன்னது வெறும் பேச்சுக்கு இல்லை. 2017 பெப்ரவரி 20 இல் கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் போராட்டம் தொடங்கினார்கள். சில நாளில் வவுனியாவிலும் முல்லைத்தீவிலும் பந்தல் போட்டார்கள். அந்தத் தாய்மாருக்கு ஆவணக் காட்சி என்பது வரலாறு இல்லை. கூட்டத்துக்குள் ஒரு முகம், பஸ்ஸில் ஏற்றுகிற வரிசையில் ஒரு சேட்டு, ஒரு நடை. வவுனியாவில் ஒரு தாய், 2015 ஜனாதிபதித் தேர்தல் துண்டுப்பிரசுரம் ஒன்றில் இருந்த பாடசாலைப் பிள்ளைகளின் படத்தில் தன்ர மகளைக் கண்டதாகச் சொல்லி இன்றுவரை கேட்டுக்கொண்டிருக்கிறார். இப்படிப் பார்க்கிற கண்களுக்கு முன்னால் ஒரு காட்சியை மங்கலாக்குவதோ, நிறம் மாற்றுவதோ, வேகம் குறைப்பதோ சாதாரண எடிற்றிங் வேலை இல்லை.

காட்சி இல்லாத இடத்தில் என்ன செய்வது?

எல்லாவற்றுக்கும் காட்சி இருக்காது. இருப்பதையும் சிலவேளை பயன்படுத்தக் கூடாது என்று தீர்மானித்த இயக்குநர்கள் இருக்கிறார்கள். குளோட் லான்ஸ்மன் 1985 இல் வெளியிட்ட ‘ஷோவா’ ஒன்பது மணித்தியாலத்துக்கும் மேலான படம். யூத இனப்படுகொலை பற்றியது. அதில் ஒரு ஆவணக் காட்சி கூட இல்லை. தப்பியவர்களின் பேச்சும், கொலை நடந்த இடங்களின் இன்றைய புல்லும் மரமும் மட்டும்தான். கம்போடியாவின் றித்தி பான் 2013 இல் செய்த ‘காணாமல்போன படம்’ இன்னொரு வழி. கெமர் றூஜ் காலத்தில் எடுத்த காட்சிகள் ஆட்சியின் பிரசாரக் காட்சிகள். தன்ர குடும்பம் பசியில் செத்ததற்குக் காட்சி இல்லை. ஆகவே களிமண்ணில் சின்னச் சின்னப் பொம்மைகள் செய்து, பிரசாரக் காட்சிகளுக்குப் பக்கத்தில் வைத்தார்.

எங்கட பக்கத்திலும் இதற்கு உதாரணம் இருக்கு. 1989 செப்ரெம்பர் 21 அன்று யாழ்ப்பாணத்தில் சுட்டுக் கொல்லப்பட்ட ராஜனி திராணகம பற்றி 2005 இல் கனடாவில் இருந்து ‘இனிக் கண்ணீர் வேண்டாம் சகோதரி’ வந்தது. அந்தப் படம் அவரது வாழ்க்கையின் பல பகுதிகளை நடித்துக் காட்டித்தான் சொல்கிறது. கிளிநொச்சியில் ஐ.நா.வில் வேலை செய்த பெஞ்சமின் டிக்ஸ், 2008 செப்ரெம்பரில் வெளியேறியவர்களில் ஒருவர். அவர் 2019 இல் ‘வன்னி’ என்று ஒரு சித்திர நாவலை ஓவியரோடு சேர்ந்து வெளியிட்டார். கமரா போகாத பங்கருக்குள் பென்சில் போனது.

இந்த வழிகள் எல்லாம் எங்களுக்கும் திறந்திருக்கு. ஆனால் களிமண் பொம்மைக்குப் போக முதல், உண்மையிலேயே காட்சி இல்லையா, நாங்கள் தேடவில்லையா என்று கேட்க வேண்டும் என்பது எங்கட வாதம்.

ஐந்தாவது கமரா

நாங்கள் மேலே நாலு கமரா என்று சொன்னோம். ஐந்தாவது ஒன்று இருந்தது. கலியாண வீட்டுக் கமரா.

2002 இல் போர்நிறுத்தம் வந்து, ஏப்ரலில் ஏ9 பாதை திறந்த பிறகு வன்னிக்குள் கமராக்காரரும் ஸ்ரூடியோக்களும் பெருகினார்கள். சாமத்தியவீடு, கலியாணம், பிறந்தநாள், பாடசாலை இல்ல விளையாட்டுப் போட்டி, குடிபூரல், கோயில் தேர், வற்றாப்பளை அம்மன் பொங்கல். எல்லாம் கசெற்றிலும் பிறகு சீடியிலும் ஏறியது. அந்தக் கமராக்காரர் நிமிசக் கணக்காகச் சாப்பாட்டுப் பந்தியைக் காட்டுவார். வாழையிலைக்கு முன்னால் இருக்கிற ஒவ்வொருவரின் முகமும் ஒழுங்காக வரும். நாங்கள் இப்ப சிரிக்கிற அந்தப் பந்திக் காட்சியில்தான் ஒரு ஊரின் முகங்கள் இருக்கு. பின்னால் ஓலை வேலி, கிணத்தடி, சைக்கிள் வரிசை, முத்தத்தில் மாமரம். எந்தப் பிரசாரப் பிரிவுக்கும் தேவைப்படாத காட்சிகள் அவை. அதனாலேயே அவற்றுக்குப் பெறுமதி.

பிறகு 2008, 2009. கிளிநொச்சியில் இருந்து தருமபுரம், விசுவமடு, உடையார்கட்டு, தேவிபுரம், இரணைப்பாலை, மாத்தளன் என்று இடம்பெயர்ந்த ஒவ்வொரு இடத்திலும் சனம் எதையோ இறக்கி வைத்துவிட்டுப் போனது. முதலில் ரீவியும் டெக்கும். பிறகு அலுமாரி. கடைசியில் அல்பங்கள். கையில் கொண்டு வந்த படங்களையும் சிலர் வட்டுவாகல் தாண்ட முதல் தாங்களே கிழித்தார்கள், புதைத்தார்கள். ஒரு படத்தில் யாராவது வரிச்சீருடையில் நின்றால் வீட்டுக்கே ஆபத்து.

ஆகவே வன்னியில் அந்தக் கசெற்றுகள் மிகக் குறைவு. ஆனால் ஒரு விசயத்தை நாங்கள் மறந்துபோகிறோம். அந்தக் கொண்டாட்டங்களை எடுத்ததே பாதி வெளிநாட்டில் இருக்கிற மாமா, சித்திக்கு அனுப்பத்தான். ஒரு கொப்பி வன்னியில், ஒரு கொப்பி ரொறன்ரோவில், பாரிசில், சூரிச்சில், லண்டனில். வன்னியில் இருந்தது மண்ணுக்குள் போனது. வெளியில் போனது எங்கேயோ ஒரு நிலக்கீழ் அறையில், சப்பாத்துப் பெட்டிக்குள் இருக்கலாம். வன்னியின் ஆவணக் காப்பகம் இப்ப வன்னிக்கு வெளியே, வீடு வீடாகச் சிதறிக் கிடக்குது.

அதற்குக் காலக்கெடுவும் இருக்கு. காந்த நாடா காலப்போக்கில் பலம் இழக்கும், பூஞ்சணம் பிடிக்கும். வீட்டில் எரித்த சீடிகள் படிக்க முடியாமல் போகும். அதைப் போட்டுப் பார்க்கிற டெக்கும் அருகிப்போச்சு. பெட்டிக்குள் இருக்கிறது யாரின் கலியாணம் என்று சொல்லக்கூடிய ஆக்களுக்கு இப்ப எழுபது, எண்பது வயது. யாழ்ப்பாணப் பொது நூலகம் 1981 இல் ஒரு இரவில் எரிந்தது. 97,000 அளவில் நூல்கள். அதை எரித்தவர்கள் இருந்தார்கள். இந்தக் கசெற்றுகளை யாரும் எரிக்கத் தேவையில்லை, சும்மா விட்டாலே போதும்.

இணையத்தில் போட்டால் காப்பாற்றியாச்சு என்று நினைப்பதும் சரியில்லை. 2017 இல் யூரியூப் தன்ர தானியங்கி முறையால் சிரியப் போர் பற்றிய ஆயிரக்கணக்கான காணொளிகளை நீக்கியது. சிரிய ஆவணக் காப்பகம் என்ற குழு அதற்கு முன்னரே கொப்பி எடுத்து வைக்கத் தொடங்கியிருந்ததால் பலது தப்பியது. எங்கட காணொளிகளில் ஒரு கொடியோ சீருடையோ பின்னால் தெரிந்தால் பேஸ்புக் தூக்குது. நாட்டுக்குள்ளே பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் பேஸ்புக் பதிவுகளுக்காகக் கைதான ஆக்களும் இருக்கிறார்கள். ஆகவே சேர்ப்பது ஒரு வேலை, வெளியிடுவது இன்னொரு வேலை. எல்லாவற்றையும் உடனே வெளியில் போடத் தேவையில்லை. சம்பந்தப்பட்ட குடும்பத்தைக் கேட்டு, இப்போதைக்கு மூடி வைக்க வேண்டியதை மூடி வைக்கலாம்.

நாங்கள் செய்யக்கூடியது

2005 இல் சில இளைஞர்கள் நூலகம் தளத்தைத் தொடங்கியபோது கையில் பெரிய காசு இருக்கவில்லை. ஒவ்வொரு புத்தகமாக மின்னூலாக்கினார்கள். இன்றைக்கு ஈழத்துப் படிப்பாளி எவரும் அதைத் திறக்காமல் ஒரு கட்டுரை எழுத ஏலாது. அவர்களது ‘ஆவணகம்’ பகுதியில் ஒளிப்படமும் ஒலி, ஒளிப்பதிவும் சேருது. காட்சிகளுக்கும் அப்படி ஊர் ஊராக ஒரு வேலை வேணும்.

அதற்குச் சில சின்ன ஒழுங்குகள் போதும். காணொளி கிடைத்தால் அசல் கோப்பை அப்படியே வைத்திருங்கோ. வட்ஸ்அப்பில் அனுப்பினால் தரமும் குறையும், உள்ளே பதிந்த திகதி முதலான விபரங்களும் போய்விடும். பென்ரைவ்வில் நேரே கொப்பி எடுக்கிறது நல்லது. இரண்டு கொப்பி, இரண்டு வேறு இடத்தில். கூடவே ஒரு கொப்பிப் புத்தகத்தில் யார் எடுத்தது, எந்த ஊர், எந்த வருசம், யாரிடம் இருந்து கிடைத்தது, காட்சியில் இருப்பவர்கள் யார் என்று எழுதுங்கோ. தெரியாததைத் தெரியாது என்றே எழுதுங்கோ. ஹெர்சோன்ஸ்கி செய்த மாதிரி, ஊரிலே வயது போன ஆக்களை இருத்தி, போட்டுக் காட்டி, அவர்கள் சொல்லுறதையும் பதிவு செய்தால் ஒரு பந்திக் காட்சியில் இருந்து ஒரு ஊரின் கதையே வரும்.

படம் செய்கிறவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். எங்கட பல்கலைக்கழகங்களில் குறும்படம் எடுக்கிற நண்பர்கள் நிறையப் பேர். வன்னியைப் பற்றி எடுக்கும்போது யூரியூப்பில் இருந்து ஒரு செல்லடிக் காட்சியை இறக்கி முதல் நிமிசத்தில் போடுவது பழக்கமாகிவிட்டது. அந்தக் காட்சியை எடுத்தது யார் என்று திரையில் ஒரு வரி எழுதுங்கோ. இராணுவத்தின் கமராவா, இயக்கத்தின் கமராவா, பெயர் தெரியாத ஒருவரா? பார்க்கிறவர் அந்த ஒரு வரியோடு காட்சியை வேறு மாதிரிப் பார்ப்பார். சாவைக் காட்டத்தான் வேணும் என்றால், அந்த ஆள் உயிரோடு இருந்த ஒரு காட்சியையும் தேடிப் பார்த்துவிட்டு முடிவெடுங்கோ.

எங்களுக்குப் பிறகு வருகிற பிள்ளைகள் போரைக் காணவில்லை. அவர்கள் வன்னியைப் படத்தில்தான் பார்க்கப் போகிறார்கள். அவர்களுக்கு முள்ளிவாய்க்கால் தெரிய வேணும், மறைக்கக் கூடாது. அதோடு சேர்த்து விசுவமடுவில் ஒரு சாமத்தியவீட்டுப் பந்தியும், வற்றாப்பளைக்கு நடந்து போகிற சனமும், இரணைமடுக் கட்டில் சைக்கிள் ஓடுகிற பெடியளும் தெரிய வேணும். செத்த ஆக்கள் எப்படிச் செத்தார்கள் என்பதற்கு எங்களிடம் காட்சி இருக்கு. அவர்கள் எப்படி இருந்தார்கள் என்பதற்கான காட்சியைக் கொண்டு வரவேண்டியது நாங்கள்தான். கனடாவில் இருக்கிற சித்திக்கு இந்தக் கிழமை ஒரு கோல் எடுத்து, பழைய கசெற் ஏதும் கிடக்கோ என்று கேட்டாலே வேலை தொடங்கிவிடும்.